அக்காவைப் பார்த்து எழுதிய இருமல்

என் அக்காவின் நெற்றி உப்புக் கரிக்கும். இதை நான் நக்கிப் பார்த்தே சொல்கிறேன். ஒரு ஆசம்போய் மிட்டாய்க்காக என் ஆறாவது வயதில் நடந்த பந்தயம் அது, தோற்றவன் நான்தான், இருந்தாலும் உப்பு இனாமாகக் கிடைத்தது. அம்மா அவளுக்கு முத்தம் கொடுத்துவிட்டு உதட்டைத் துடைத்துக்கொண்டே, "இவ வேர்வையில கருவாடே போடலாம் போல" என்பார். எல்லோரும் சிரிப்போம், அக்காவும் சேர்ந்து சிரிப்பாள். ஒரு நோய் எங்கள் வீட்டுக்கு வந்து பல வருடமாகி, பெயர் சொல்லாமல் எங்களோடு உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தது என்பது எங்களுக்குத் தெரியாது.

அப்போது நாங்கள் பிரிக்ஃபீல்ட்ஸில் ரயில்வே குவார்ட்டர்ஸில் இருந்தோம். அப்பா செந்தூல் ரயில் பட்டறையில் ஃபிட்டர். எந்த இயந்திரத்தையும் தட்டிப் பார்த்தே குறை சொல்லிவிடுவார். அக்கா மாலதிக்குப் பதின்மூன்று வயது, எனக்குப் பத்து. அக்கா பிறந்ததிலிருந்தே இருமினாள். கிளினிக்கில் அதற்கு "இளைப்பு" என்று பெயர் வைத்து மருந்து கொடுத்தார்கள், நாங்களும் அந்தப் பெயரை நம்பினோம். தொண்ணூறுகளின் பின்பாதியில் ஒரு வருடம் "ஜெரபு" என்கிற புகைமூட்டம் வந்து ஊரையே மூடியபோது, பள்ளிக்கூடம், பஸ், கோயில் என்று எங்கு பார்த்தாலும் ஆட்கள் இருமிக்கொண்டிருந்தார்கள். எல்லோருக்கும் இருமல் நின்ற பிறகும் அக்காவுக்கு மட்டும் நிற்கவில்லை. ஆஸ்திரேலியாவில் படித்துவிட்டு வந்திருந்த ஒரு டாக்டர், அம்மா பேச்சுவாக்கில் சொன்ன அந்தக் கருவாட்டு விஷயத்தைக் கேட்டதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, இரண்டு பிள்ளைகளையும் வியர்வைச் சோதனைக்கு அழைத்து வரச் சொன்னாராம்.

எங்களிடம் சொல்லப்பட்டது வேறு. மோரிப் கடற்கரைக்குப் போகிறோம் என்றார்கள். நான் நீச்சல் காற்சட்டையை உள்ளே போட்டுக்கொண்டு, நாசி லெமாக் சோற்றுப் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க, டாக்சி ஆஸ்பத்திரி வாசலில் போய் நின்றது. கையில் ஒரு பட்டையைக் கட்டி, லேசாக மின்சாரம் விட்டு, வியர்வை எடுத்தார்கள். நான் ஊரைக் கூட்டினேன். அப்பா என் தலையைத் தடவி, "கடல்னா என்னாடா, உப்புத்தானே. இங்கயும் உப்பத்தான் பாக்குறாங்க" என்றார். அது நல்ல ஜோக் என்று இன்றைக்குத் தெரிகிறது. அன்றைக்கு என் வாழ்க்கையின் முதல் துரோகமாக அதைக் குறித்து வைத்துக்கொண்டேன். இரண்டாவது பின்னால் வந்துகொண்டிருந்தது.

முடிவு சொல்லப்பட்ட அன்று டாக்டர் அறைக்குள் அப்பா அம்மா மட்டும் போனார்கள். நானும் அக்காவும் வெளியே பெஞ்சில் இருந்தோம். அக்கா மீன் தொட்டியைப் பார்க்க எழுந்து போன நேரத்தில், கதவைத் திறந்துகொண்டு அம்மாவோடு வெளியே வந்த மலாய்க்கார நர்ஸ் அவரிடம், "கக்கா கெனா சாலின், பாகி பெத்தாங்" என்றார்.

இந்த இடத்தில் தமிழ்ப்பள்ளியில் நாலாம் வகுப்புப் படித்தவனின் மூளை எப்படி வேலை செய்யும் என்று சொல்லியாக வேண்டும். மலாயில் "சாலின்" என்றால் பார்த்து எழுதுவது, நகல் எடுப்பது. என் மலாய் நோட்டில் பக்கத்துக்குப் பக்கம் சிவப்பு மையில் "சாலின் செமுலா", மறுபடியும் பார்த்து எழுது, என்று இருக்கும். அந்தச் சொல்லால் நான் வாங்கிய கைவலி கொஞ்சமில்லை. உப்புத் தண்ணீர் மருந்துக்கும் ஆஸ்பத்திரியில் அதே சொல்தான் என்று எனக்கு யார் சொன்னார்கள்? அக்காவைக் காலையும் மாலையும் உப்பு நீரை மூச்சில் இழுக்கச் சொன்னார் நர்ஸ். அக்காவைக் காலையும் மாலையும் நகல் எடுக்கப் போகிறார்கள் என்று கேட்டது எனக்கு. நகல் எடுக்க ஒரு தாள் வேண்டும். வீட்டில் மிச்சமிருந்த தாள் நான் ஒருவன்தான்.

அன்றிலிருந்து நான் செய்த கூத்துகளை எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன். அக்கா தொட்ட தம்ளரைத் தொடவில்லை. அவள் இருமினால் நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு அறுபது வரை எண்ணுவேன். பாதியில் கண் இருட்டும், நோய் ஏறுகிறது என்று முடிவு செய்வேன். மலாய் நோட்டின் கடைசிப் பக்கத்தில் உயில் எழுதினேன்: கோலிகள் பக்கத்து வீட்டு ரவிக்கு, சைக்கிள் பெரியம்மா மகனுக்கு. அக்காவுக்கு ஒன்றும் எழுதவில்லை. மூலப்பிரதியே அவள்தானே.

அதற்குள் வீட்டுக்கு மெஷின் வந்துவிட்டது. ரொட்டிப் பெட்டி அளவு இருக்கும், போட்டால் சம்பான் படகு மோட்டார் மாதிரி இரையும். அதிலிருந்து ஒரு குழாய், குழாயின் நுனியில் சின்னக் குப்பி, குப்பியில் உப்புத் தண்ணீர். தண்ணீர் பனிப்புகையாகி வாய்க்குள் போகும். அம்மா அதைப் "புகை போடுறது" என்பார். சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ் என்று டாக்டர் சொன்ன அந்த நோயில் நெஞ்சுச் சளி பசை மாதிரி ஒட்டிக்கொள்ளுமாம். உப்பு போய்த் தண்ணீரை இழுத்தால்தான் அது இளகி வெளியே வருமாம். வராமல் உள்ளேயே தங்கினால் அங்கே கிருமி குடியேறி நுரையீரலைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிடுமாம். இதெல்லாம் எனக்குப் பிற்பாடு தெரிந்தது. அப்போது தெரிந்தது, அக்காவுக்கு அது பிடிக்கவில்லை என்பதுதான். உப்பு தொண்டையில் பட்டதும் குடல் வெளியே வருகிற மாதிரி இருமுவாள், சில நாள் வாந்தியெடுப்பாள். ஐந்தாம் நாள் வாய்க்குழாயைக் காணோம். அரிசி டின்னுக்குள்ளிருந்து அப்பா எடுத்தார். மறுநாள் மீண்டும் காணோம். அம்மா கெஞ்சினார், அப்பா அதட்டினார், அக்கா சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டாள்.

அந்த வாரம்தான் நான் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, நோட்டைக் கையில் வைத்தபடியே அம்மாவிடம் கேட்டேன்.

"அம்மா, அக்காவோடது எனக்கும் சாலின் ஆயிருச்சா?"

அம்மாவுக்குப் புரியவில்லை. நான் நர்ஸ் சொன்னதைச் சொல்லி, சிவப்பு மையைக் காட்டி விளக்கினேன். அம்மாவின் உதடு சிரிக்கத் தயாராவதைப் பார்த்தேன். பிறகு அவர் அப்பாவைப் பார்த்தார், அப்பா சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்த அக்கா பக்கம் பார்த்தார். பட்டறையில் ஒரு பழைய இயந்திரத்துக்கு வேறு இயந்திரத்தின் பாகம் பொருந்துமா என்று யோசிக்கிற முகம் அது.

"ஆமாடா தம்பி" என்றார் அப்பா. "நீயும் புகை போடணும்."

மறுநாளிலிருந்து காலையிலும் சாயங்காலமும் பாயில் இரண்டு பேர். முதலில் அக்கா, பிறகு நான். அவளுக்குச் சிவப்பு லேபிள் பாட்டில், எனக்கு நீல லேபிள். பெரியவர்களுக்குச் சிவப்பு, சின்னவர்களுக்கு நீலம் என்று அம்மா சொன்னார். புகை முடிந்ததும் அம்மா உள்ளங்கையைக் குழித்து எங்கள் முதுகைத் தட்டுவார். பந்து விளையாடப் போகக் கூடாது, தூசியில் நிற்கக் கூடாது, ரவி வீட்டில் சொல்லக் கூடாது. நான் எல்லாவற்றையும் விட்டேன். அதிசயம் என்னவென்றால், அக்கா அடங்கிவிட்டாள். முகம் சுளிக்காமல் உட்கார்ந்து, கண்ணில் நீர் வழிய இருமி முடித்து, வாயைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பி, "பயப்படாதலா. அக்கா மொதல்ல போறேன், நீ பின்னால வா" என்பாள். தன் மைலோவில் பாதியை எனக்கு ஊற்றுவாள். நோயைக் கொடுத்த குற்ற உணர்ச்சி என்று நினைத்து நானும் மிச்சம் வைக்காமல் குடித்தேன்.

இப்படி ஒன்பது மாதம் போனது. ஒரே ஒரு குறை: எனக்கு இருமலே வரவில்லை. அக்காவுக்குச் சளி வந்தது, எனக்கு ஏப்பம் வந்தது. இதற்குச் சந்தோஷப்படுவது சாதாரண மனிதர்களின் வழக்கம். நானோ, என் சளி அவ்வளவு இறுகிப்போய்விட்டது, நீல பாட்டிலுக்கு அசையாது, இன்னும் இரண்டு மாதம் தாங்கினால் அதிகம் என்று கணக்குப் போட்டு, உயிலைத் திருத்தி, சைக்கிளை ரவிக்கே மாற்றி எழுதினேன். கடைசியில் ஒரு சனிக்கிழமைக் காலை அம்மா சமையலறையில் இருந்த நேரம் பார்த்துச் சிவப்பு பாட்டிலிலிருந்து என் குப்பியை நிரப்பிக்கொண்டேன்.

மோரிப் கடலை அன்றைக்குத்தான் குடித்தேன். முதல் இழுப்பில் தொண்டை எரிந்தது, இரண்டாவதில் நெஞ்சு யாரோ கயிறு போட்டு இறுக்கியது போலாகிவிட்டது. விழுந்து புரண்டு இருமினேன்; எதிர்பார்த்த இருமல்தான், ஆனால் நிற்கவில்லை. இத்தனை நாள் என் குப்பியில் இருந்தது கண்ணீருக்கு மேல் கரிக்காத தண்ணீர் என்று அந்த நிலையிலும் நாக்கு சொன்னது. புண் கழுவ விற்கிற உப்புத் தண்ணீராம் அது. அம்மா ஓடிவந்து என்னைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டார். பாட்டிலைப் பார்த்தார். பக்கத்தில் வந்து உட்கார்ந்த அப்பாவைப் பார்த்து, "ஒண்ணுமில்லாத புள்ளங்க இவன்" என்று அழுதார். "ஒண்ணுமில்லாத புள்ளையக் கொண்டாந்து உக்கார வச்சு இப்படிப் பண்ணிட்டோமே."

மூச்சு திரும்ப வந்ததும் நான் செய்த முதல் காரியத்தை முப்பது வருடமாக நினைத்துப் பார்க்கிறேன். நோய் இல்லை என்று தெரிந்தவன் குதித்திருக்க வேண்டும். எனக்கோ நான் விட்ட ஒன்பது மாதப் பந்தாட்டம் ஞாபகம் வந்தது. அப்பாவை ஒன்றும் செய்ய முடியாது, அம்மா அழுகிறார். மிச்சமிருந்தவள் வாசலில் நின்ற அக்கா.

"எனக்கு ஒண்ணுமே இல்லையாம்லா" என்று கத்தினேன். "நோய் உனக்கு மட்டுந்தான். உனக்காகத்தான் என்னைய உக்கார வச்சாங்க."

அக்கா என்னைப் பார்க்கவில்லை. அம்மாவைப் பார்த்தாள்.

"எனக்கு லேசுதான், தம்பிக்குத்தான் பெருசுன்னு சொன்னீங்களேம்மா" என்றாள். "நான் செஞ்சாத்தான் அவன் செய்வான்னு சொன்னீங்களே."

அப்பா எழுந்துபோய் மெஷினை நிறுத்தினார். அவ்வளவு நேரமும் அது ஓடிக்கொண்டிருந்தது என்பதே அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. ஒரே பொய்யை இரண்டாக வெட்டி ஆளுக்கொரு துண்டு கொடுத்திருந்தார்கள். என்னைக் காப்பாற்றுவதாக நினைத்துத்தான் அவள் ஒன்பது மாதம் அந்த உப்பை விழுங்கியிருக்கிறாள். அவளிடமிருந்து அதை ஒரே மூச்சில் பிடுங்கியவன் நான்.

நான்கு நாள் அக்கா பாயில் உட்காரவில்லை. நான்காம் நாள் அவள் இருமலின் சத்தம் மாறியது. ஈரமான துணியைக் கிழிப்பது போல ஒரு சத்தம். அன்று சாயங்காலம் நானே மெஷினைப் போட்டு, நீல பாட்டிலிலிருந்து என் குப்பியை நிரப்பி, வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். நல்ல மனதால் செய்தேன் என்று எழுத ஆசைதான். பயத்தில் செய்தேன், எனக்கு வேறு ஒன்றும் தோன்றவில்லை.

அக்கா கொஞ்ச நேரம் நின்று பார்த்தாள். "உனக்குத்தான் ஒண்ணுமில்லையே, எதுக்குலா உக்காந்திருக்க?" என்றாள்.

"சாலின் செமுலா" என்றேன்.

அவள் சிரிக்கவில்லை. ஆனால் சிவப்பு பாட்டிலை எடுத்துவந்து, அம்மா நீட்டிய கையைத் தள்ளிவிட்டு, தானே ஊற்றிக்கொண்டாள். ஊற்றியதை விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தாள். அதன் பிறகு கடைசி வரை அவள் குப்பியை வேறு யாரும் நிரப்ப விட்டதில்லை. ருசி பார்க்காமல் ஒரு நாளும் வாயில் வைத்ததும் இல்லை. ஆஸ்பத்திரியில் டாக்டர் அப்பாவிடம் பேசத் தொடங்கினால், "என்கிட்ட சொல்லுங்க டாக்டர்" என்பாள். "பின்னால வா" என்று என்னிடம் ஒருபோதும் சொல்லவில்லை. இருபத்தாறு வயது வரை இருந்தாள். டாக்டர் முதலில் சொன்னதைவிட அது அதிகம் என்பார் அம்மா. அந்த ஒன்பது மாதம்தான் அவளுக்கு அந்தப் பழக்கத்தைக் கொடுத்தது என்றும் சொல்வார். இருக்கலாம். எனக்கு அதில் இன்னும் கோபம் இருக்கிறது, யார் மேல் என்றுதான் தெரியவில்லை.

குவார்ட்டர்ஸ் இருந்த இடத்தில் இப்போது அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கிற கட்டடம். மெஷினை யாருக்கோ கொடுத்தோம். மலாய் நோட்டை உயிலோடு சேர்த்துக் கரையான் தின்றது. அம்மாவும் இல்லை. அப்பாவை நான் கிள்ளானில் என் வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டேன். பட்டறைத் தூசி அவர் நெஞ்சில் வேலை காட்டத் தொடங்கி, போன வருடம் ஆஸ்பத்திரியில் சேர்க்கும்படி ஆனது. டாக்டர் என்னைத் தனியே கூப்பிட்டுச் சொல்ல வேண்டியதைச் சொன்னார். நான் திரும்பி வந்தபோது அப்பா முகமூடி போட்டு, அதே மாதிரியான பனிப்புகைக்குள் இருந்தார். என்ன சொன்னார்கள் என்று கண்ணால் கேட்டார்.

"ஒண்ணுமில்லப்பா" என்றேன். "சும்மா இளைப்புதான்."

ஒரு எழுத்துப் பிழை இல்லாமல் பார்த்து எழுதியிருந்தேன். அப்பா என்னைப் பார்த்தார். பிறகு முகமூடியைக் கீழே இழுத்தார்.

"அப்படின்னா நீயும் ஒண்ணு மாட்டிக்கிட்டுப் பக்கத்துல உக்காருடா" என்றார்.

எதற்கும் ஒரு ஜோக் வைத்திருப்பவன் நான். அன்று ஒன்றும் வரவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன்.