பதினெட்டு முடிந்த பிறகு பிடிபட்ட பேரன்

எங்கள் காஞ்சிபுரத்தில் கருட சேவைக் கூட்டத்தில் நடந்த அடிதடியில் ஒருவருக்கு மண்டை உடைந்தது. அதில் என் பேரன் தினேஷும் இருந்தான் என்று போலீஸ் அவனைப் பிடித்தபோது மூன்று வாரம் ஆகியிருந்தது. அதற்குள் அவனுக்குப் பதினெட்டு வயது முடிந்துவிட்டது. எண்ணிப் பார்த்தேன், முடிந்து ஒன்பது நாள்.

"மேஜர் ஆயிட்டான், பெரிய ஜெயில்தான்" என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். கொலைக் கைதிகளுக்கு நடுவே அவன் படுத்திருப்பது போலவே எனக்குத் தோன்றிக்கொண்டிருந்தது.

மறுநாள் கோர்ட் வாசலில் ஒருவர் நெருங்கி வந்தார். "பெரியவரே, ஒரு வருஷம் கொறச்சி சர்ட்டிபிகேட் ரெடி பண்ணிக் குடுக்கறேன். பையன் தப்பிச்சிக்குவான்" என்றார். மாதிரிக்கென்று அவர் கேட்ட பள்ளிச் சான்றிதழை நீட்டியும் விட்டேன். அதைப் பார்த்துவிட்ட எங்கள் வக்கீலம்மா ஓடிவந்து பிடுங்கிக்கொண்டார்.

"சண்டை நடந்த அன்னிக்குப் பையனுக்கு என்ன வயசு தாத்தா?"

"பதினெட்டுக்குப் பன்னெண்டு நாள் கம்மிம்மா."

"அந்த நாள்தான் கணக்கு, புடிச்ச நாள் இல்ல. பொய் சர்ட்டிபிகேட் உள்ள போயிருந்தா இந்த நெஜத்தையும் நம்பியிருக்க மாட்டாங்க. எல்லாத்தையும் எண்ணிக்கினு இருக்கீங்க, இத எண்ணலியா?"

நீதிபதி பள்ளிச் சான்றிதழைப் பார்த்து, வழக்கைச் சிறுவர்களை விசாரிக்கும் இளைஞர் நீதிக் குழுமத்துக்கு அனுப்பினார். விசாரணை நடக்கிறது. பேரன் இப்போது வீட்டில் இருக்கிறான்.

அந்த அசலை நான் இனி யார் கையிலும் கொடுப்பதில்லை. மகன் கேட்டாலும் ஜெராக்ஸ்தான்.