எழுத்து விழாத காலைக்காட்சி

சென்ற ஆண்டு ஆடி மாதம், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் திருச்செங்கோட்டுத் திரையரங்கு ஒன்றில் நடந்தது இது. வெளிநாட்டுப் படங்களையும் பெரிய நடிகர்கள் இல்லாத சிறிய படங்களையும் வாங்கி சேலம், நாமக்கல் வட்டாரத்தில் வெளியிடுவது என் தொழில். சேலம் அஸ்தம்பட்டியில் ஓர் அறைதான் அலுவலகம்.

அப்போது என் கையில் இருந்தது ஒரு கிழக்கு ஆப்பிரிக்கப் படம். ஓடாத பஸ்ஸை விற்க மறுக்கும் டிரைவரின் கதை, மொழி சுவாஹிலி. தமிழ் சப்டைட்டிலை நானே எழுதியிருந்தேன். சேலத்தில் கேட்ட இடமெல்லாம் கைவிரித்துவிட்டார்கள். திருச்செங்கோட்டு உரிமையாளர் மட்டும் ஒரே ஒரு காலைக்காட்சி கொடுத்தார். கூட்டம் கடைசிவரை உட்கார்ந்திருந்தால் அடுத்த ஞாயிறும் உண்டு. எழுந்து போனால் இனி இந்த மாதிரிப் படத்தோடு அந்தப் பக்கம் வரக்கூடாது.

முந்தின நாள் மதியமே போய் ஓட்டிப் பார்த்து, எல்லாம் சரியாக இருந்த பிறகுதான் வீடு திரும்பினேன். ஆனால் இரவுக் காட்சியில் அகலத்திரைப் படம் ஓடியிருக்கிறது. அதற்காக மாற்றிய லென்சை மறுபடி திருப்பி வைக்கவில்லை. ஞாயிறு காலை படம் தொடங்கியதும் அது பெரிதாக விழுந்து, சப்டைட்டில் எழுத்து முழுவதும் திரைக்குக் கீழே போய்விட்டது. மாடிக்கு ஓடினேன். ஆபரேட்டர் படத்தைப் போட்டுவிட்டு, அறையைப் பூட்டிக்கொண்டு டீ குடிக்கப் போயிருந்தார்.

பக்கத்து டீக்கடைகளில் ஒவ்வொன்றாகத் தேடிப் பிடித்து அவரை அழைத்து வந்தேன். கூட்டம் வெளியே வந்துகொண்டிருக்கும் என்று பயந்தபடி வந்தவளுக்கு, அரங்கிலிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டது.

கதவைத் திறந்து பார்த்தேன். நடு வரிசையில் வேட்டி கட்டிய ஒருவர் எழுந்து நின்று சத்தமாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

"இது மாமியாக்காரிங்க. வெச்சு வாங்கறா. 'நீ பஸ்ஸையே கட்டிக்கிட்டு கெட, என்ற புள்ளைய எங்கூட அனுப்பிரு'ங்கறா."

"அவன் என்னங்க சொல்றான்?" என்று முன்வரிசையிலிருந்து யாரோ கேட்டார்.

"அவனெங்க சொல்றது? பொண்டாட்டி மூஞ்சியப் பாத்துட்டு நிக்கறான்."

பக்கத்தில் இருந்தவரிடம் விசாரித்தேன். எழுந்து நின்றவர் போர்வெல் வண்டிக்காரராம். தான்சானியாவில் பல வருடம் ஆழ்துளை போடும் ரிக் ஓட்டி, சுவாஹிலியும் பழகி, விடுமுறைக்கு வந்திருக்கிறார். போஸ்டரில் தான் வேலை பார்த்த ஊரின் படத்தைப் பார்த்து, அங்கே தன்னோடு வேலை செய்த நண்பர்களையும் கூட்டி வந்திருந்தார்.

இடைவேளைக்கு முன்பே லென்சைச் சரிசெய்துவிட்டோம். எழுத்து பளிச்சென்று விழுந்தது. அவர் உட்காரப் போனார். பின்னாலிருந்து ஒரு குரல், "எழுத்து அது பாட்டுக்குக் கெடக்குதுங்க, நீங்க சொல்லுங்க" என்றது. சப்டைட்டிலுக்காகப் பல இரவுகள் கண்விழித்தவள் நான். இருந்தும், அவர் மறுபடி எழுந்து நின்றபோது எனக்கும் நிம்மதியாகத்தான் இருந்தது.

ஒருவரும் எழுந்து போகவில்லை. வெளியே வந்ததும் உரிமையாளர் சொன்னார்: "அடுத்த வாரமும் போடலாம் அம்மணி. அந்த ரிக்குக்காரரையும் வரச் சொல்லுங்க."

இந்த ஊர் மக்களுக்குத் தெரியாத உலகத்தை நான் கொண்டுவந்து காட்டுகிறேன் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். இப்போதெல்லாம் ஓர் ஊருக்குப் படம் எடுத்துப் போகும் முன், அந்த ஊர்க்காரர்கள் எங்கெங்கே வேலைக்குப் போகிறார்கள் என்று விசாரித்துக்கொள்கிறேன். வெளிநாட்டுப் படம் என்று போஸ்டரில் போடுவதையும் அன்றோடு விட்டுவிட்டேன்.