இன்ஜினுக்குள் ஒரு 'பாம் பாம்' ஹார்ன்

நீராவி இன்ஜினில் டிரைவர் இடது பக்கம், பயர்மேன் வலது பக்கம். முன்னால் பாய்லர் நீட்டிப் படுத்திருக்கும். பாதை வலப்பக்கம் வளைந்தால் டிரைவருக்குத் தெரிவதெல்லாம் பாய்லரின் கருப்பு முதுகுதான், சிக்னல் தெரியாது. அதனால் பயர்மேன் எட்டிப் பார்த்துச் சத்தமாகச் சொல்ல வேண்டும். சிக்னல் கம்பத்தின் கை நீட்டியிருந்தால் 'டேஞ்சர்', இறங்கியிருந்தால் 'கிளியர்'. டிரைவர் அதைத் திருப்பிச் சொல்ல வேண்டும். சட்டம் அவ்வளவுதான். ஒரு தடவை சொன்னால் போதும் என்று அதில் எழுதியிருந்ததா என்று எட்டாவதோடு படிப்பை விட்ட எனக்குத் தெரியாது. பயர்மேனான நான் நாலு தடவை சொல்வேன்.

அறுபதுகளின் கடைசியில் கும்மிடிப்பூண்டி பாசஞ்சரில் எனக்கு வாய்த்த டிரைவர் திருவள்ளூர்ப் பக்கத்தில் சொந்த நிலம் வைத்துப் பயிர் செய்பவர். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். பொறுமைசாலி என்று இன்ஜின் ஷெட்டில் எல்லோரும் சொன்னார்கள். என்னோடு மூன்று மாதம் ஓட்டிய பிறகு அப்படி யாரும் சொல்லவில்லை.

"கிளியர் அண்ணே."

"கிளியர்."

"அண்ணே, கிளியர்."

"கிளியர்யா."

"நல்லா பாத்துட்டேன் அண்ணே, கிளியர்தான்."

"யோவ், இன்னா நீ, கோயில்ல நாமம் சொல்றியா?"

ஒருநாள் பொன்னேரி தாண்டி நான் 'டேஞ்சர், டேஞ்சர்' என்று கத்த, அவர் வண்டியை நிறுத்திவிட்டார். இறங்கிப் போய்ப் பார்த்தால், வயலோரம் யாரோ மூங்கில் கழியில் குறுக்கே மாட்டிக் காயப்போட்டிருந்த சிவப்புப் பாவாடை. அதற்குள் நாலைந்து பேர் தங்கள் ஊருக்கு அதுதான் கிட்டே என்று பெட்டியிலிருந்து குதித்து, எங்களுக்குக் கும்பிடு போட்டுவிட்டு வரப்பில் நடக்க ஆரம்பித்தார்கள். டிரைவர் அவர்களையும் பார்த்தார், என்னையும் பார்த்தார்.

"இன்னொரு தபா இந்த மாரி பேஜாரு பண்ணே, எழுதிக் குடுத்து உன்ன ஷெட்டுக்கே திருப்பி அனுப்பிடுவேன். ஆமா."

ஷெட் என்றால் சாம்பல் குழி. இன்ஜினுக்கு அடியில் குனிந்து, வெந்த சாம்பலை வாருவது. எட்டு வருஷம் வாரிவிட்டுத்தான் இந்த இடத்துக்கு ஏறியிருந்தேன். என் மனைவியோ, நான் டிரைவரே ஆகிவிட்டதாகத் தெரு முழுக்கச் சொல்லி வைத்திருந்தாள். அன்றிலிருந்து எனக்கு இரண்டு பயம். சொன்னால் ஷெட். சொல்லாமல் விட்டால் விபத்து.

அந்தச் சமயத்தில்தான் எங்களை இரண்டு நாள் வகுப்புக்குக் கூப்பிட்டார்கள். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு பாடம் நடத்தியவர், வெளிநாட்டில் இன்ஜினுக்குள்ளேயே எச்சரிக்கைக் கருவி வைத்திருக்கிறார்கள் என்றார். தண்டவாளத்துக்கு நடுவே ஒரு காந்தம். இன்ஜின் அதைத் தாண்டும்போது, முன்னால் சிக்னல் கிளியர் என்றால் உள்ளே மணி அடிக்கும். இல்லையென்றால் ஹார்ன் அலறும். டிரைவர் ஒரு பட்டனை அமுக்கினால்தான் அலறல் நிற்கும். சில விநாடிக்குள் அமுக்காவிட்டால் பிரேக் தானாகவே பிடித்துக்கொள்ளும். மற்றவர்கள் எல்லாம் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்கள். நான் ஒரு வரி விடாமல் எழுதிக்கொண்டேன். ஒரே தடவை சத்தம், ஒரே தடவை பதில். அண்ணனுக்கும் நிம்மதி, எனக்கும் நிம்மதி.

காந்தத்துக்கு நான் எங்கே போவேன்? மணி என் சைக்கிளில் இருந்தது. ஹார்னை எளாவூர் செக்போஸ்டில் காத்துக் கிடந்த ஒரு லாரிக்காரரிடம் கேட்டு வாங்கினேன். ரப்பர் பந்தை அமுக்கினால் 'பாம்' என்று கத்தும் பழைய ரகம். இரண்டையும் என் இருக்கைக்குப் பக்கத்தில் கம்பி போட்டுக் கட்டினேன். கிளியர் என்றால் மணி. டேஞ்சர் என்றால் ஹார்ன். ஹார்ன் கேட்டதும் அவர் பிரேக் கைப்பிடியில் கை வைத்து 'ஆச்சு' என்று சொல்ல வேண்டும். அதற்கு மேல் நான் வாயே திறக்கக் கூடாது. இதுதான் ஒப்பந்தம்.

டிரைவர் முதலில் சிரித்தார். ஒரே வாரத்தில் அவருக்கு அது பிடித்துப் போயிற்று.

"இப்பத்தான்யா காதுல ரத்தம் வராம ஊடு போய்ச் சேர்றேன்" என்றார்.

இரண்டு மாதத்தில் அவர் கை பழகிவிட்டது. பஜாரில் ஐஸ்காரர் ஹார்ன் அடித்தால்கூட வலது கை தானாக எழுந்து காற்றில் எதையோ தேடுகிறது என்று சொல்லிச் சிரித்தார். நானும் சிரித்தேன். அன்றைக்குச் சாயந்திரம்தான் அதில் இருந்த ஆபத்து எனக்கு உறைத்தது. ஐஸுக்கே கை போகிறதென்றால் அது யோசித்துப் போகவில்லை என்றுதானே அர்த்தம்? ஆனால் ஒப்பந்தப்படி நான் வாயைத் திறக்கக் கூடாதே.

அப்போதுதான் லோகோ இன்ஸ்பெக்டர் எங்கள் இன்ஜினில் ஏறினார். நாங்கள் சிக்னலை முறைப்படி சொல்கிறோமா என்று பார்ப்பது அவர் வேலை. டிரைவர் தூரத்திலேயே அவரைப் பார்த்துவிட்டு, "அத்தக் கழட்டி ஒளிய வைய்யா, சீக்கிரம்" என்றார். மணியையும் ஹார்னையும் என் சோற்றுப் பையில் திணித்தேன்.

எண்ணூர் வரை நாங்கள் இருவரும் நாடகக்காரர்கள் மாதிரி நடந்துகொண்டோம். நான் 'கிளியர்' என்றால் அவர் மூன்று பெட்டி தூரம் கேட்கிற மாதிரி 'கிளியர்' என்பார். இன்ஸ்பெக்டர் தலையாட்டினார். மீஞ்சூர் தாண்டியதும், டிரைவருக்கு நிலம் இருப்பது பேச்சில் வெளியே வந்தது. இன்ஸ்பெக்டர் திருநின்றவூரில் ஒரு மனை பார்த்திருந்தாராம். மண் எப்படி, கிணறு எத்தனை அடி, பத்திரத்தில் எதைப் பார்க்க வேண்டும் என்று ஆரம்பித்தவர் கவரைப்பேட்டை வந்தும் விடவில்லை.

கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனுக்கு வெளியே நிற்கும் அவுட்டர் சிக்னலுக்கு முன்னால் வலப்பக்க வளைவு. எட்டிப் பார்த்தேன். கை நீட்டியிருந்தது. பாவாடை இல்லை, சிக்னல்தான். அதற்கு அந்தப் பக்கம் ஒரு கூட்ஸ் வண்டியின் கடைசிப் பெட்டி நின்றிருந்தது.

"அவுட்டர் டேஞ்சர்!"

"டேஞ்சர்" என்றார் டிரைவர். "கெணறு மட்டும் கெழக்கால பாத்துத் தோண்டுங்க சார்."

அவர் கை பிரேக் பக்கம் அசையவில்லை.

"அண்ணே, டேஞ்சர்!"

"டேஞ்சர், டேஞ்சர். மேக்கால தோண்டுனா உப்புத்தண்ணி சார்."

அவர் வாய் பதில் சொன்னது, கை சும்மா இருந்தது. இரண்டு மாதமாக அந்தக் கைக்கு ஹார்ன்தான் தெரியும், என் குரல் தெரியாது. நானே பழக்கிய கை. பையிலிருந்து ஹார்னை எடுத்தால் ஷெட். எடுக்காவிட்டால் கூட்ஸ். பைக்குள் கைவிட்டு, புளிசோற்றுப் பொட்டலத்துக்கு அடியில் தேடி, பந்தை அப்படியே பையோடு சேர்த்து அமுக்கினேன்.

"பாம்!"

"ஆச்சு" என்றார் டிரைவர். கை பிரேக்கை இழுத்துவிட்டது. வாய் மட்டும் இன்னும் கிணற்றைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தது. வண்டி முனகி, உதறி, சிக்னல் கம்பத்துக்கு ஒரு பெட்டி தூரம் முன்னால் நின்றது.

இன்ஸ்பெக்டர் கூட்ஸைப் பார்த்தார். பிறகு என் பையைப் பார்த்தார்.

"இன்னாய்யா அது, உன் நாஷ்டா கத்துது?"

எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன், பாவாடை முதற்கொண்டு. அவர் ஹார்னை வாங்கி ஒரு தடவை அமுக்கினார். டிரைவரின் கை பிரேக்குக்குப் பாய்ந்தது. இன்னொரு தடவை அமுக்கினார். மறுபடியும் பாய்ந்தது.

"வாயால ரெண்டு தபா சொன்னானே, ஏன்யா நிறுத்தல?"

"பதில் சொன்னேனே சார்" என்றார் டிரைவர், அழாத குறையாக.

இன்ஸ்பெக்டர் நோட்டைத் திறந்து பேனாவை எடுத்தார். சாம்பல் குழியின் சூடு என் முகத்தில் அடித்தது. அவர் பேனா மூடியைக் கழற்றினார், மாட்டினார், மறுபடி கழற்றினார். என்னைப் பற்றி எழுதினால் டிரைவரைப் பற்றி எழுத வேண்டும். டிரைவர் எதைப் பேசிக்கொண்டு வந்தார் என்றும், யாரோடு பேசினார் என்றும் எழுத வேண்டும். கடைசியில் 'சிக்னல் சொல்வது திருப்தி' என்று ஒரே வரி எழுதி மூடினார்.

"ஹார்ன் என்னாண்ட இருக்கட்டும். நீ ஷெட்டுக்கெல்லாம் போவ வேணாம். ஆனா இனிமே அவரு பதில் சொல்லிட்டாருன்னு சும்மா குந்தாத. கை அசையற வரைக்கும் சொல்லு. எத்தினி தபா ஆனாலும் சொல்லிக்கினே இரு. இது என் ஆர்டர்."

டிரைவர் தலையில் கை வைத்துக்கொண்டார். "சார், இவனுக்குப் போய் ஆர்டர் குடுத்துட்டீங்களே சார்!"

கூட்ஸ் நகர்ந்தது. கொஞ்ச நேரத்தில் சிக்னல் கையும் இறங்கியது.

"கிளியர் அண்ணே" என்றேன்.

"கிளியர்" என்றார், என்னைப் பார்க்காமலே. கை மடியிலேயே இருந்தது.

நான் தொண்டையைச் செருமிக்கொண்டு மறுபடி ஆரம்பித்தேன்.