ரமீரோவுக்காகக் கோர்ட்டில் தலை காட்டினோம்

இமிக்ரேஷன் வக்கீல் ஆபீஸில் போன் எடுக்கிற வேலைக்கு ஸ்பானிஷ் தெரிந்தால் மட்டும் போதாது, டைப்பிங் தெரிந்தாலும் போதாது. ஆத்திரத்தை அடக்கத் தெரிய வேண்டும். எனக்கு அது சுத்தமாக வராது.

நான் தூத்துக்குடிக்காரி. கல்யாணமாகி சான் ஹோசே வந்தவுடன், புருஷனுக்கு வேலை செய்ய விசா, எனக்குச் சும்மா இருக்க விசா என்று கொடுத்தார்கள். வீட்டுக்குள் கிடந்த அந்த வருஷங்களில் ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் ஸ்பானிஷ் பூசைக்குப் போய்ப் போய் அந்தப் பாஷையைப் பிடித்துக்கொண்டேன். க்ரீன் கார்டு வந்ததும் ஹெலன் என்ற வக்கீலம்மாவிடம் வேலைக்குச் சேர்ந்தேன். எங்கள் ஆபீஸுக்கு இரண்டு விதமான ஆட்கள் வருவார்கள்: சாஃப்ட்வேர் பிள்ளைகள், தோட்டத்தில் பழம் பறிக்கிறவர்கள். உட்காருவது ஒரே சோபாவில்தான். பயமும் ஒரே பயம்தான். விசாவுக்காக எங்கேயாவது வரிசையில் நின்று கால் கடுத்தவர்கள் நீங்கள் என்றால், மேற்கொண்டு நான் சொல்லப்போவது உங்களுக்குப் புரியும்.

டை கட்டிக்கொண்டு போனவர்

ரமீரோ வாட்ஸன்வில் பக்கம் ஸ்ட்ராபெரி பறிக்கிறவர். அதோடு, பறிக்கிறவர்களைச் சேர்த்து யூனியன் கட்டுகிறவர், சிக்கலில் இருக்கிறவர்களை எங்கள் ஆபீஸுக்குக் கூட்டிவருகிறவர். தோட்டம் தோட்டமாகப் போய், குனிந்து நிற்கிறவர்கள் பக்கத்தில் தானும் குனிந்து பறித்துக்கொண்டே பேசுவார். க்ரீன் கார்டு வாங்கி எட்டொன்பது வருஷம் ஆகியிருந்தது. ஓட்டுப் போட வேண்டும் என்று ஆசை வந்து, எங்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் சிட்டிசன்ஷிப்புக்கு அப்ளை பண்ணிவிட்டார். யாரிடமோ டை இரவல் வாங்கிக் கட்டிக்கொண்டு இன்டர்வியூவுக்குப் போனவரை, உள்ளே வைத்தே கைவிலங்கு மாட்டிவிட்டார்கள். என்றைக்கோ முடிந்துபோன பழைய கேஸ் ஒன்று கைரேகையில் வந்ததாம்.

அவரோடு பழம் பறிக்கிற எஸ்பெரான்ஸா வெளியே காரில் காத்திருந்தாள். அவளுக்கு இந்த நாட்டில் இருக்கப் பேப்பர் எதுவும் கிடையாது. பயந்துபோய்த் தெரு முனை போனிலிருந்து எங்களைக் கூப்பிட்டாள். நான் ஓடினேன். கவுன்ட்டரில் இருந்த ஆபீசரிடம், "அவரை எங்கே வைத்திருக்கிறீர்கள், பார்க்கலாமா?" என்று கேட்டேன். அந்த மனுஷன் ரமீரோவின் கார் சாவியை என் முன்னால் வைத்துவிட்டுச் சொன்னார்:

"அவர் வண்டியை எடுத்துட்டுப் போயிடுங்க. இங்கே ரெண்டு மணி நேரத்துக்கு மேல பார்க்கிங் கிடையாது."

கக்கூஸ் கேட்ட குற்றம்

அந்தப் பழைய கேஸைக் கேளுங்கள், வயிறு எரியும். அவர்கள் வேலை பார்த்த தோட்டத்தில் கக்கூஸ் கிடையாது. பெண்கள் லாரிக்குப் பின்னால் போக வேண்டும், ஒருத்தி துணியைப் பிடித்து மறைத்துக்கொள்ள வேண்டும். ஒருநாள் ரமீரோ, "கக்கூஸ் வராமல் கூடையைத் தொட மாட்டோம்" என்று எல்லோரையும் வரப்பில் உட்கார வைத்துவிட்டார். கங்காணி வந்து எஸ்பெரான்ஸாவின் தோளைப் பிடித்து இழுத்து எழுப்பினான். ரமீரோ அந்தக் கையைத் தட்டிவிட்டார். அவ்வளவுதான். கங்காணியை அடித்தார் என்று கேஸ்.

அரசாங்கம் கொடுத்த வக்கீல், "ஒத்துக்கோ, ஒரு வருஷம்னு எழுதுவாங்க, ஆனா உள்ளே போக வேண்டாம், இன்னைக்கே வீட்டுக்குப் போயிடலாம்" என்றிருக்கிறார். இவரும் தலையாட்டிவிட்டு மறுநாள் வேலைக்குப் போய்விட்டார். தொண்ணூற்றாறில் புதுச் சட்டம் வந்தது. அதன்படி அந்த ஒரு வருஷம், க்ரீன் கார்டு இருந்தாலும் நாட்டை விட்டு அனுப்புகிற பெரிய குற்றமாகிவிட்டது. முன்னாடி முடிந்துபோனதும் சேர்த்தி. முடிந்த ஆட்டத்துக்குப் பிறகு விதியை மாற்றுவது என்றால் எங்கள் தெருப் பிள்ளைகளே அடிதடிக்கு வந்துவிடுவார்கள்.

ஜாமீன் மனு போட்டோம். ஹெலன் சொன்னாள், "சட்டம் நமக்கு எதிரா இருக்கு. ஆனா பின்னாடி பெஞ்ச் நிறைய ஆட்கள் இருந்தா ஜட்ஜ் கொஞ்சம் யோசிப்பார். காலியா இருந்தா, இந்த ஆளுக்கு ஊரில் யாரும் இல்லைன்னு எழுதிடுவாங்க." நான் எஸ்பெரான்ஸாவுக்குப் போன் போட்டேன். ரமீரோவுக்காக உயிரைக் கொடுக்க ஒரு தோட்டமே இருக்கிறது என்று எனக்கு நினைப்பு. அவள் சொன்னாள்:

"எங்க எல்லாருக்கும் வரணும்னுதான் இருக்கு. வந்தா, அவரை ஏத்துற வண்டியிலேயே எங்களையும் ஏத்திடுவாங்களே."

ஃப்ரீமான்ட் பாட்லக்

பேப்பர் இல்லாதவர்கள் வர முடியாது. சரி, பேப்பர் இருக்கிறவர்களைக் கூப்பிடுவோம் என்று நம் ஆட்களிடம் போனேன். ஃப்ரீமான்ட்டில் ஒரு வீட்டில் பாட்லக், ஆளுக்கொன்று சமைத்துக் கொண்டுபோய்ச் சேர்ந்து சாப்பிடுகிற விருந்து. ஹாலில் ஆண்கள் ஸ்டாக் ஆப்ஷனைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். நடுமேஜையில் ஒரு பெரிய கிண்ணம் நிறைய ஸ்ட்ராபெரி. நான் எழுந்து நின்று விஷயத்தைச் சொன்னேன். ஒன்றும் பேச வேண்டாம், சாட்சி சொல்ல வேண்டாம், ஒரு காலை நேரம் வந்து உட்கார்ந்தால் போதும் என்றேன்.

ஒருத்தர், "நாம எல்லாம் முறையா வந்தவங்க, அவங்க வேலி தாண்டி வந்தவங்க, நமக்கும் அவங்களுக்கும் என்ன சம்பந்தம்?" என்றார். "ரமீரோவிடமும் க்ரீன் கார்டு இருக்கு சார், உங்ககிட்ட இன்னும் இல்லை" என்று வெடுக்கென்று சொல்லிவிட்டேன். என் வீட்டுக்காரர் என் முந்தானையைப் பிடித்து இழுத்தார். கடைசியில் பாபு என்று ஒரு தம்பி மட்டும் வாசல் வரை வந்தான். நல்ல பிள்ளை, ஸ்ட்ராபெரியைக் கடித்துக்கொண்டே வந்தான். எனக்கு மனசு குளிர்ந்தது. அவன் சொன்னான்:

"அக்கா, என் அப்ளிகேஷன் லேபர் சர்ட்டிஃபிகேட் ஸ்டேஜ்லயே நிக்குது. க்ரீன் கார்டு மட்டும் வந்துடட்டும், எந்தக் கோர்ட்டுக்கு வேணா வர்றேன்."

டெலிபோன் எக்ஸ்சேஞ்ச்

மறுநாள் ஆபீஸுக்கு ஒரு போன். பாபுவின் அம்மா சரோஜா ஆன்ட்டி. கரூர் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர். பிள்ளையைப் பார்க்க ஆறு மாச விசாவில் வந்து, கார் ஓட்டத் தெரியாமல் அபார்ட்மென்ட்டுக்குள் அடைபட்டுக் கிடக்கிறவர். பாட்லக் அன்றைக்கு அடுப்படியில் ரசம் சூடு பண்ணிக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டிருக்கிறார்.

"நாங்களும் ஸ்ட்ரைக் பண்ணினவங்கதாம்மா. எங்க யூனியன் செக்ரட்டரியை உள்ளே தள்ளினப்போ கோர்ட்டு வாசல்ல நின்னிருக்கேன். இங்கே பார்க்கில் நடக்கிற என்னை மாதிரி விசிட்டர் விசாக்காரங்க நிறையப் பேர் இருக்கோம். பிள்ளைங்களுக்குத்தான் பயம். எங்களை என்ன பண்ணுவாங்க, ஊருக்கு அனுப்புவாங்களா? நல்லதாப் போச்சு!" என்றார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. "ஆன்ட்டி, உங்களுக்கு ரமீரோவைத் தெரியாதே, ஏதாவது கேட்டால் என்ன சொல்வீர்கள்?" என்றேன்.

"அடப் போம்மா. மாப்பிள்ளை யாரு பொண்ணு யாருன்னே தெரியாத கல்யாணத்துக்கெல்லாம் போய்த் தலையைக் காட்டிட்டு வர்றோம், இதுக்கு வர மாட்டோமா?"

புளியோதரை

என் தப்பு, எப்படி உடுத்திக்கொண்டு வரவேண்டும் என்று நான் சொல்லவில்லை. வேன் வாடகைக்கு எடுத்துப் போய் நின்றால், பத்துப் பதினைந்து பேரும் பட்டுப்புடவை, சரிகை வேட்டி, தலை நிறையப் பூ. டிசம்பரில் எங்கேதான் பூ கிடைத்ததோ! சான் ஃப்ரான்ஸிஸ்கோ கோர்ட் வாசலில் மெட்டல் டிடெக்டர் இவர்கள் வளையலுக்கும் மெட்டிக்கும் கூவிக்கொண்டே இருந்தது. ஒரு எவர்சில்வர் தூக்கைத் திறந்து பார்த்த காவலர் புளியோதரை வாசனையில் இரண்டடி பின்வாங்கினார். "சோறு உள்ளே போகாது" என்றார். "நாங்க மட்டும் சாப்பிட இல்லப்பா, ஜெயில்ல இருக்கிறவருக்கும் சேர்த்து" என்று ஒரு மாமா அவருக்குத் தமிழிலேயே விளக்கினார்.

எப்படியோ தூக்கை வாசலில் வைத்துவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தோம். மூன்று பெஞ்ச் நிறைந்தது. ரமீரோவை ஆரஞ்சு உடுப்பில், இடுப்பிலும் காலிலும் சங்கிலி போட்டு, கொலைகாரனைக் கொண்டுவருவது மாதிரி கொண்டுவந்தார்கள். எனக்கு ரத்தம் கொதித்தது. கக்கூஸ் கேட்ட மனுஷனுக்கா சங்கிலி? மூன்று வாரத்தில் ஆள் பாதியாகியிருந்தார். திரும்பி பெஞ்சுகளைப் பார்த்தார், முகம் மாறியது. முன் பெஞ்ச் ஓரத்தில் இருந்த என் பக்கம் சாய்ந்து மெதுவாகக் கேட்டார்:

"யாருக்குக் கல்யாணம்?"

பெஞ்சில் இருந்தவர்கள்

அரசாங்க வக்கீல் இளவட்டம், பார்த்தால் படிக்கிற பிள்ளை மாதிரி இருந்தார். அவர் எழுந்து, "இந்த நபருக்கு இந்த ஊரில் வேர் எதுவும் இல்லை. இவரோடு வேலை செய்தவர் ஒருவர்கூட வரவில்லை. பின்னால் இருக்கிறவர்களுக்கும் இவருக்கும் ஒரு சம்பந்தமும் இருப்பதாகத் தெரியவில்லை" என்றார். வராதவர்கள் ஏன் வரவில்லை என்று அவருக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தே சொன்னார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

ஜட்ஜ் கண்ணாடியை இறக்கி பெஞ்சைப் பார்த்தார். "உங்களில் யாருக்காவது இவரைத் தெரியுமா?" என்றார். ஹெலன் கண்ணை மூடிக்கொண்டாள். சரோஜா ஆன்ட்டி புடவையைச் சரி பண்ணிக்கொண்டு எழுந்தார். முப்பது வருஷம் டிரங்க் கால் போட்டுக் கொடுத்த குரல், இங்கிலீஷில் மூலை வரை கேட்டது:

"தெரியாது சார். இவரைத் தெரிஞ்சவங்க யாரும் இந்த வாசலை மிதிக்க முடியாது, மிதிச்சா பிடிச்சுக்குவீங்க. அதனாலதான் தெரியாத நாங்க வந்திருக்கோம்."

அடுத்த கேஸ்

ஜட்ஜ் பேனாவை மூடி வைத்துவிட்டு, இவரை வெளியே விட வேண்டும் என்று தனக்கும் ஆசைதான், சட்டம் இடம் தரவில்லை என்றார். ஜாமீன் கிடையாது. ஆசையாம்! அந்த ஆசையை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய? ரமீரோ ஆன்ட்டியைப் பார்த்து, சங்கிலி விட்ட அளவுக்குத் தலையைத் தாழ்த்தினார். கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். அடுத்த பருவத்துப் பழம் சிவப்பதற்குள் அவரைக் கொண்டுபோய் மெக்ஸிகோ எல்லையில் டிஹுவானா பாலத்தில் இறக்கிவிட்டுவிட்டார்கள்.

அன்றைக்கு எனக்குக் கண்ணை மறைக்கிற கோபம். பையை எடுத்துக்கொண்டு, "வாங்க போகலாம், இவங்க முகத்துல முழிச்சதே போதும்" என்று கொஞ்சம் சத்தமாகவே தமிழில் சொன்னேன். ஒருத்தரும் எழுந்திருக்கவில்லை. பக்கவாட்டுக் கதவு திறந்து, அடுத்த கேஸுக்கு ஒரு பெண்ணை அதே ஆரஞ்சு உடுப்பில் கூட்டிவந்திருந்தார்கள். அவள் திரும்பித் திரும்பிக் கதவைப் பார்த்தாள். அவளுக்கென்று ஒரு ஈ காக்காய்கூட வரவில்லை. சரோஜா ஆன்ட்டி என் கையைப் பிடித்து இழுத்தார்.

"எங்கே போறே? இந்தப் பொண்ணுக்கும் யாரும் வரலை, உட்காரு."

இந்தத் தொழிலில் நான் கண்டது இவ்வளவுதான்: சட்டம் தெரிந்தவர்கள் அழகாகக் கையை விரிப்பார்கள், சட்டம் தெரியாதவர்கள்தான் வேன் பிடித்து வந்து உட்காருவார்கள்.