ஜைனப் வீட்டு மொட்டைமாடி

இங்கே அமெரிக்காவில், ஐசலின் இந்தியக் கடையில் வாங்கிவந்த உலர்ந்த ஆப்ரிகாட் பாக்கெட்டைப் பிரித்ததும், அந்தப் புளிப்பு வாசனை என்னைக் கார்கிலுக்குக் கொண்டுபோய்விட்டது.

அப்பா அங்கே சாலை போடும் இன்ஜினியர். பக்கத்து வீட்டு ஜைனப்தான் எனக்கு ஒரே தோழி. கோடை முழுக்க அவர்களுடைய மண் மொட்டைமாடியில் ஆப்ரிகாட் காயும், ஈக்கள் மொய்க்கும், கீழே ஆறு இரைந்துகொண்டே இருக்கும். காய்ந்ததில் நல்லதாகப் பொறுக்கி, எல்லை மூடியதில் மலைக்கு அப்பால் பாகிஸ்தான் பக்கம் மாட்டிக்கொண்ட தன் அக்காவுக்கென்று அவள் அம்மா ஒரு துணிப்பையில் கட்டிவைப்பார். அதைக் கொண்டுபோக ஆள் கிடைத்ததே இல்லை. பனி விழத் தொடங்கியதும் பையை அவிழ்த்து எங்களுக்கே கொடுத்துவிடுவார், அடுத்த கோடையில் மறுபடியும் கட்டுவார்.

பிறகு சண்டை வந்தது. அம்மாவையும் என்னையும் அப்பா சென்னைக்கு அனுப்பினார். குண்டு விழுந்து அந்தத் தெருவே இல்லாமல் போனதாக எழுதினார். ஜைனப் குடும்பம் எங்கே போனதென்று அவருக்கும் தெரியவில்லை.

மகனிடம் சொன்னேன். அவன் ஃபோனில் மேப்பைத் திறந்தான்.

"லைன் எல்லாம் புள்ளி புள்ளியா இருக்கே! விச் கன்ட்ரி, அம்மா?"

"ரெண்டு பேருமே தங்களோடதுன்னு சொல்றாங்கடா. அங்கதான் என் ஃப்ரெண்ட் இருந்தா."

"ஓகே," என்றான். மேப்பை மூடிவிட்டு கேமுக்குத் திரும்பினான்.