இப்ரோனியாசிட் என்றொரு விருந்தாளி

அந்தப் பெயரை இப்போது சொன்னால் மருந்துக்கடைக்காரர்கள் உதட்டைப் பிதுக்குகிறார்கள். இப்ரோனியாசிட். ஒருவர் எழுதிக் காட்டச் சொன்னார். எழுதிக் காட்டினேன். காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது எந்தக் காலத்து மருந்துங்க?" என்றார். என் காலத்து மருந்து என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. எதையும் முதலிலிருந்து சொல்வதற்கு இப்போதெல்லாம் அலுப்பாக இருக்கிறது.

ஆனாலும் சொல்லத்தான் வேண்டும். அந்தப் பெயர் ஸ்ரீரங்கத்தில் எங்கள் வீட்டில் பத்து மாதம் தங்கியிருந்தது. பிறகு, அயலூர்களில் அதைச் சாப்பிட்ட சிலருக்குக் காமாலை கண்டதாகச் செய்தி வந்து, டாக்டரே நிறுத்திவிட்டார். வருவதும் நின்றுபோயிற்று. அவ்வளவுதான் அதன் ஆயுள்.

ஐம்பதுகளின் கடைசி. என் கணவர் பாலத்துக்கு அந்தப் பக்கம், திருச்சியில் ஒரு பள்ளிக்கூடத்தில் சமஸ்கிருத பண்டிதர். அது வயிற்றுக்கு. அவருடைய உயிர் இருந்தது சனிக்கிழமை சாயங்காலங்களில். தெருக்கோடி பஜனை மடத்தில் வாரத்துக்கு ஒரு திருநாமம் என்று பெருமாளின் பெயர்களுக்கு அர்த்தம் சொல்வார். ஒரு பெயரைத் தேங்காயைப் போல உடைத்து, ஓட்டையும் காட்டி, பருப்பையும் காட்டி, உள்ளே ஆடுகிற தண்ணீரையும் காட்டுவார். பதினைந்து இருபது பேர் உட்கார்ந்து கேட்பார்கள். நான் தூணுக்குப் பின்னால் இருப்பேன். கல்யாணமாகி ஆறு வருஷம், குழந்தை இல்லை. அந்த ஒரு மணி நேரத்தில் எனக்கு எந்தக் குறையும் தோன்றாது.

அந்த வருஷம் ஆடி பிறந்ததும் அவர் நின்றுபோனார். வேறு எப்படிச் சொல்வது? ஓடுகிற கடிகாரத்துக்கு யாரோ சாவி கொடுக்க மறந்ததுபோல. விடியற்காலையில் காவேரிக்குக் குளிக்கப் போவார். வெயில் ஏறித் திரும்புவார். வேஷ்டி உலர்ந்தபடியே இருக்கும்.

"குளிக்கலையா?"

"படில உக்காந்துண்டிருந்தேன்."

"எறங்கலையா?"

"எறங்கினா திரும்ப ஏறணுமே."

கரை புரண்டு ஓடுகிற ஆற்றைப் பார்த்துக்கொண்டு ஒரு மனிதன் இறங்கினால் ஏற வேண்டுமே என்று கணக்குப் போடுகிறான். பள்ளிக்கூடத்துக்கு ஜுரம் என்று லீவு எழுதினோம். சனிக்கிழமைகள் வந்தன, போயின. இலையில் போட்டதை விரலால் தள்ளிவிட்டு எழுந்துவிடுவார். அவர் இலையில்தான் நான் சாப்பிடுவது. அது எங்கள் வீட்டு வழக்கம். ஆவணியில் அந்த இலையில் எனக்கு அவர் மிச்சம் வைத்தது என்று ஒன்றுமில்லை, அவர் தொடாத முழுச்சாப்பாடே இருந்தது.

மாமியார்தான் துணிந்தாள். "நம்ம தெருக்காரா யாரும் போகாத டாக்டரா பாத்து அழைச்சுண்டு போ" என்றாள். கோட்டை ஸ்டேஷன் பக்கத்தில் ஒருவர் இருந்தார். நாக்கைப் பார்த்தார், வயிற்றை அமுக்கினார், கடைசியில், "உங்களுக்கு எதுல ருசிங்க?" என்று கேட்டார். இவர் வெகுநேரம் யோசித்தார். உண்மையாகவே தேடினார், பையில் சில்லறை தேடுவதுபோல. ஒன்றும் அகப்படவில்லை. டாக்டர் சீட்டு எழுதி, "புது மருந்து. தென்னூர்ல ஒரு பாய் கடை இருக்கு, அங்கதான் கிடைக்கும்" என்றார்.

வாங்கி வந்தேன். அன்று ராத்திரி பாலோடு கொண்டுபோய் வைத்தேன். மாத்திரையை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, சீட்டில் இருந்த பெயரை எழுத்துக்கூட்டிப் படித்தார். படித்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"இதுக்கு என்ன அர்த்தம்?"

"மருந்து. அர்த்தம் என்ன வேண்டியிருக்கு?"

"சுக்கு யாருன்னு எனக்குத் தெரியும். திப்பிலி யாருன்னு தெரியும். இது யாரு? எங்கேர்ந்து வர்றது? யாருன்னே தெரியாதவாளை எப்படி உள்ள அழைக்கறது?"

மாத்திரையை என் கையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். மூன்று நாள் இதே கதை. மாமியார், "பொடி பண்ணி பால்ல கலந்துடேண்டி, தெரியவா போறது" என்றாள். செய்திருக்கலாம். ஆனால் வாழ்நாள் முழுக்கப் பெயர்களுக்கு அர்த்தம் கேட்டே வாழ்ந்தவருக்கு, ஒரு பெயரைத் தெரியாமல் ஊட்டுவது திருட்டு என்று பட்டது. நாலாம் நாள் மறுபடி பஸ் ஏறித் தென்னூர் போனேன்.

பாய் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு என்னைப் பார்த்தார்.

"சொல்லுங்கம்மா. மாத்திரை ஒத்துக்கலியா?"

"சாப்பிடவே மாட்டேங்கறார். பேருக்கு அர்த்தம் கேக்கறார்."

கடையில் நின்றிருந்த இரண்டு பேர் சிரித்தார்கள். பாய் சிரிக்கவில்லை. "முப்பது வருசமா கடையில ஒக்காந்திருக்கேன். வெல கேப்பாங்க, கசக்குமான்னு கேப்பாங்க. அர்த்தம் கேட்டது உங்க வீட்டுக்காரருதான்" என்று ஸ்டூலை நகர்த்திப் போட்டார். "ஒக்காருங்க, சொல்றேன்."

அவர் சொன்னது இது. நெஞ்சுச்சீக்குக்கு, அதாவது டி.பி.க்கு, ஏற்கெனவே ஒரு மாத்திரை இருக்கிறது. அதோடு வேறொரு சரக்கைக் கோத்துப் புதிதாக ஒன்று செய்தார்கள். பழைய மாத்திரையின் பெயரில் வாலை நறுக்கி, புதுச் சரக்கின் பெயரில் தலையை நறுக்கி, இரண்டையும் ஒட்ட வைத்ததுதான் இந்தப் பெயர்.

"வேற அர்த்தம் கெடையாதும்மா. ஆனா ஒரு கத இருக்கு. வெளிநாட்டுல நெஞ்சுச்சீக்கு ஆஸ்பத்திரில இதக் குடுத்துப் பாத்திருக்காங்க. நெஞ்சுக்கு என்ன செஞ்சுதோ, படுத்துக் கெடந்தவங்க எந்திரிச்சுப் பாடுனாங்களாம், ஆடுனாங்களாம். ஒடம்புல சீக்கு அப்படியே இருக்கு, ஆனா சோறு கேக்கறாங்க, சிரிக்கறாங்க. அப்பறந்தான், அடடே, இது நெஞ்சுக்கு வந்த மருந்தில்ல, மனசுக்கு வந்ததுன்னு கண்டுக்கிட்டாங்க. போயி அவர்கிட்ட சொல்லுங்க. நா துவா செய்யறேன்."

மருந்தோடு வந்த ஆங்கிலக் காகிதம் ஒன்றையும் மடித்துக் கொடுத்தார். அந்தக் காகிதம்தான் பிறகு எங்களை உலுக்கியது.

வீட்டுக்கு வந்து தலையும் வாலும் ஒட்டிய கதையைச் சொன்னேன். "அப்போ அது பேரே இல்லை" என்றார், கண்ணைத் திறக்காமல். ஆஸ்பத்திரிக் கதையைச் சொன்னேன். இருமிக்கொண்டே ஆடியவர்கள். ரத்தம் துப்பிய வாயால் பாடியவர்கள். கண் திறந்தது.

"அவாளுக்கு நெஞ்சு சரியாச்சா?"

"தெரியலை. பாய் சொல்லலை."

வெளியே கூஜா கழுவும் சத்தம், கோயில் பக்கத்திலிருந்து மேளம், எல்லாம் வந்து வந்து போயின. பிறகு மெதுவாகச் சொன்னார்:

"வேற யாராத்துக்கோ கிளம்பினது. வழி தப்பி நம்மாத்து வாசல்ல வந்து நிக்கறது. அதிதி. அதிதியை யாருன்னு கேக்கப்படாது."

கையை நீட்டினார். மாத்திரையை வைத்தேன். தண்ணீரை விட்டு விழுங்கினார். எனக்கு அழுகை வரவில்லை. அப்படியே தரையில் படுத்துத் தூங்கிவிட்டேன். அவ்வளவு களைப்பு.

இரண்டு வாரம் ஒன்றுமில்லை. மூன்றாவது வாரத்தில் ஒருநாள், "இன்னும் கொஞ்சம் சாத்தமுது விடு" என்றார். ரசம்தான். வெறும் மிளகு ரசம். இரண்டு கரண்டி விட்டேன். மறுநாள் ஈர வேஷ்டியோடு வந்தார்.

அந்த வாரம்தான் காகிதம் காட்டிக்கொடுத்தது. அதைக் கண்ணாடிச் சட்டத்துக்குப் பின்னால் செருகியிருந்தேன். காற்றில் விழுந்து முற்றத்தில் கிடந்திருக்கிறது. பின்கட்டில் குடியிருந்த மாமி எடுத்துப் படித்தாள். அவளுடைய தம்பி டி.பி.யில் போனவன். அந்த வியாதியின் இங்கிலீஷ் பெயர் அவளுக்கு மனப்பாடம். சாயங்காலத்துக்குள் தெரு முழுக்கத் தெரிந்துவிட்டது: பண்டிதருக்கு க்ஷயம். கிணற்றடியில் எங்கள் குடத்துக்குச் சற்று எட்டியே மற்றக் குடங்கள் நின்றன. பஜனை மடத்திலிருந்து ஒருவர் வந்து வாசலிலேயே நின்று, "ஸ்வாமி கொஞ்ச நாள் ஓய்வா இருக்கட்டும், சனிக்கிழமைக்கு அவசரமில்லை" என்று சொல்லிவிட்டுப் போனார்.

"இல்லைன்னு சொல்லிடலாம்மா" என்றேன் மாமியாரிடம்.

"என்னன்னு சொல்லுவே? க்ஷயம் இல்லை, சித்தம் சரியில்லைன்னா?" குரலைத் தாழ்த்தினாள். "உள்ள ஒருத்தி இருக்கா, மறந்துட்டியா? க்ஷயம் தொத்திக்கறது, மாத்திரை சாப்பிட்டாப் போயிடறது. சித்தம் கலங்கினா ரத்தத்துல வர்றதும்பா. தங்கைக்கும் வருமான்னு கேப்பா. முசிறிக்காரா ஜாதகம் வாங்கிண்டு போயிருக்கா. க்ஷயம்னே இருந்துட்டுப் போகட்டும்."

உள்ளே இருந்தவள் என் நாத்தனார். இருபத்தோரு வயது. சுவருக்கு அந்தப்புறம் பூத்தொடுத்துக்கொண்டிருந்தாள், கேட்டிருப்பாள்.

பொய் என்றால் அதற்கு நடிப்பும் வேண்டும் அல்லவா? பின்கட்டு மாமியின் ஜன்னல் எங்கள் சாப்பாட்டுத் தாழ்வாரத்தைப் பார்த்தது. க்ஷயக்காரன் இலையில் பெண்டாட்டி சாப்பிட்டால் யார் நம்புவார்கள்? "இனிமே அவன் இலைல உக்காராதே" என்றாள் மாமியார். மறுநாளிலிருந்து அவர் எழுந்ததும் இலையை நான் இரண்டு விரலால் தூக்கி, மாமி பார்க்கும்படி முற்றத்தைக் கடந்து, கொல்லையில் எறிந்துவிட்டு வந்தேன். எனக்குத் தனி இலை. அவருக்கு அப்போதுதான் ருசி திரும்பிக்கொண்டிருந்தது. எனக்காகக் கறியில் கொஞ்சம், அப்பளத்தில் பாதி என்று முன்போல ஒதுக்கி வைக்க ஆரம்பித்திருந்தார். அதையும் சேர்த்துத்தான் எறிந்தேன். ஆறு நாள்.

ஆறாம் நாள் கை கழுவியவர் திரும்பி வந்து நின்றார்.

"எதுக்கு எறியறே?"

சொன்னேன். எல்லாவற்றையும். சொல்லி முடித்து, "உங்க தங்கைக்காகத்தான்" என்றேன். அவர் கோபப்படவில்லை. ஈரக் கையைத் துடைக்காமலே உள்ளே போய்விட்டார். மறுபடி சுவர்ப்பக்கம் திரும்பிவிடுவாரோ? மாத்திரை கொண்டுவந்து சேர்த்ததையெல்லாம் ஒரு வாழை இலை கொண்டுபோய்விடுமோ?

அடுத்த நாள் சனிக்கிழமை. சாயங்காலம் நாமம் இட்டுக்கொண்டு, உத்தரீயத்தைப் போட்டுக்கொண்டு கிளம்பினார். மாமியார் வாசலை மறித்தாள். "வழி விடும்மா, நாழியாறது" என்றார். அவ்வளவுதான். நானும் நாத்தனாரும் பின்னாலேயே போனோம்.

மடத்தில் வேறு எதற்கோ கூடியிருந்த ஏழெட்டுப் பேர் அவரைப் பார்த்ததும் கொஞ்சம் பின்னுக்கு நகர்ந்தார்கள். அவர் தன் இடத்தில் உட்கார்ந்தார்.

"இன்னிக்குப் பெருமாள் திருநாமம் இல்லை. க்ஷமிக்கணும். எங்காத்துல வந்து தங்கியிருக்கற ஒருத்தரோட பேரைச் சொல்லப்போறேன்."

"யாரு ஸ்வாமி, மாமனாரா?" என்றார் ஒரு கிழவர். இரண்டு பேர் சிரித்தார்கள்.

"மாமனாரா இருந்தா இதுக்குள்ள கிளம்பியிருப்பார்" என்றார் இவர். பிறகு அந்தப் பெயரைச் சொன்னார். நிறுத்தி, அட்சர சுத்தமாக, ஏதோ மந்திரம்போல. தலையைச் சொன்னார், வாலைச் சொன்னார், ஆடிய நோயாளிகளைச் சொன்னார். பிறகு, "எனக்கு நெஞ்சுல ஒண்ணுமில்லை. மனசுதான் எழுந்திருக்க மாட்டேன்னுடுத்து. குளிக்கப் போய்க் குளிக்காம வந்தவன் நான், நீங்க பாத்திருப்பேள். ஆடிலேர்ந்து எனக்குப் பெருமாள் பேர்லயும் ருசி இல்லை. அதைச் சொல்ல பயந்துண்டுதான் படுத்திருந்தேன்" என்றார்.

யாரும் கிட்டே வந்து கையைப் பிடித்துக்கொள்ளவில்லை. ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். மாமனாரா என்று கேட்ட கிழவர் மட்டும் செருப்பைத் தேடுவதுபோலத் தாமதித்து, என்னிடம் வந்து, "தென்னூர்ல எங்கேம்மா அந்தக் கடை?" என்றார்.

வீட்டுக்கு வந்தால் மாமியார் விளக்குக்கூட ஏற்றாமல் உட்கார்ந்திருந்தாள். அவள் பயந்தது பொய்யில்லை: முசிறியிலிருந்து ஜாதகம் திரும்பி வந்தது, கூட ஒரு வரிகூட எழுதாமல். நாத்தனாருக்குக் கல்யாணம் ஆக இன்னும் மூன்று வருஷம் பிடித்தது. ஆனால் மடத்திலிருந்து வந்த அந்த ராத்திரியே அவள் என் பக்கத்தில் படுத்துக்கொண்டு, "போறது மன்னி. எனக்கு அந்தப் பிள்ளையோட போட்டோவே பிடிக்கலை" என்றாள். நிஜமாகச் சொன்னாளா, எனக்காகச் சொன்னாளா என்று இன்றுவரை நான் கேட்கவில்லை.

மறுநாள் மத்தியானம் அவர் சாப்பிட்டு எழுந்தார். பின்கட்டு ஜன்னல் திறந்துதான் இருந்தது. நான் இலையை எடுக்கவில்லை. அதன் முன்னால் போய் உட்கார்ந்தேன். எனக்கென்று ஏதாவது ஒதுக்கியிருப்பார் என்று குனிந்து பார்த்தேன். ஒன்றுமில்லை. கறி, அப்பளம், மோர்மிளகாய்க் காம்புகூட இல்லை. மனிதர் வழித்துச் சாப்பிட்டிருந்தார்.

அந்த வெறும் இலையிலேயே எனக்குச் சாதம் போட்டுக்கொண்டேன்.