ஈதித் நின்ற இடம்

ஓய்வு பெறும்வரை கனடாவின் வின்னிபெக் நகரில் யூதப் பள்ளிப் பேருந்தை ஓட்டியவர் மிண்டல். சாலையைவிடக் கண்ணாடியில் பின்னிருக்கைப் பிள்ளைகளைத்தான் அவர் அதிகம் பார்த்தார் என்று பெற்றோர்கள் கேலி செய்வார்கள். அப்பிள்ளைகளுள் ஒருத்தியான யோனித், வளர்ந்து, வசனமில்லாப் பரிசோதனைப் படங்கள் எடுப்பவளானாள். லோத்தின் மனைவியாக நடிக்க அவள் மிண்டலைத்தான் தேடி வந்தாள்.

யூத வேதத்தின்படி, எரியும் சோதோம் நகரைத் திரும்பிப் பார்க்கலாகாது என்ற கட்டளையை மீறி உப்புத் தூணானவள் லோத்தின் மனைவி. ஈதித் என்று அவளுக்குப் பெயரிட்ட யூத முன்னோர், பின்தங்கிய மகள்களைத் தேடியே அவள் திரும்பினாள் என்றும் சொல்லியிருக்கிறார்கள். யோனித்தின் படத்தில் அவள் தண்டனை பெற்றவள் அல்லள். மேலே நடக்க மறுத்தவள். யூத வீடுகளில் இறைச்சியின் இரத்தம் வடியத் தூவும் கல்லுப்பைப் படச்சுருளின்மேல் தூவி, உருவங்களை அரிக்கவிடுவாள் யோனித்.

மிண்டலின் மகள் திர்ஸா, திருமணத்திற்குப் பின் சமய நெறியில் மிகக் கண்டிப்பானவள். தன் பெண்ணுக்கு வரன் பார்க்கும் நேரத்தில் தாய் சபிக்கப்பட்டவளாக வேடம் போடுவதா என்று பொரிந்து தள்ளினாள். படத்தைக் கைவிட்டால்தான், ஓய்வுநாளைத் தொடங்கிவைக்கும் வெள்ளிக்கிழமை விருந்துக்கு வரலாம் என்றும் சொல்லிவிட்டாள். பிள்ளைகளைத் தேடிய தாயை உலகம் ஏசியது போதும் என்று மிண்டல் பிடிவாதமாக இருந்தார். ஆனால், வெள்ளிதோறும் தனியே மெழுகுவர்த்தி ஏற்றியபின் கோழிச்சாற்றைத் தொடாமலே மூடிவைத்தார்.

கடைசிக் காட்சி, உறைந்த ஆற்றின்மேல். யோனித்திடம் ஒரே சுருள்தான் மிச்சம்.

"திரும்பினதும் கல்லு மாதிரி நில்லுங்க, மிண்டல். கண்ணக்கூட சிமிட்டக் கூடாது."

"ஒரு பஸ் நெறைய வாண்டுகள ஒரே பார்வையில உக்கார வெச்சவ நான். எனக்கே சொல்லித் தர்றியா?"

கேமரா ஓடியது. மிண்டல் திரும்பினார். கரையில் திர்ஸாவின் கார் நின்றிருந்தது. கம்பளிக் குல்லாயும் கையுமாக அவள் ஆற்று விளிம்பில் நின்றாள்.

"மம்மா, காது வெறச்சிடும். வந்து வாங்கிக்கோ. நான் படத்துக்குள்ள வரமாட்டேன்."

மிண்டல் அசையவில்லை. பின்வாங்கிய திர்ஸா கார்க் கதவில் கை வைத்தாள். அவ்வளவுதான், தூண் நடக்கத் தொடங்கியது. வழுக்கியும் தடுமாறியும் மிண்டல் காட்சியைவிட்டே வெளியேறினார். யோனித் தடுக்கவில்லை. வெற்றுப் பனியையும் காலடித் தடங்களையும் சுருள் தீரும்வரை எடுத்தாள்.

திர்ஸா குல்லாயைத் தாயின் காதுவரை இழுத்துவிட்டாள்.

"கோவம் ஒண்ணும் போகல மம்மா. வெள்ளிக்கிழமை பொழுது சாயறதுக்குள்ள வந்துடு. மேசையில படத்தப் பத்தின பேச்சே கூடாது."

"நீயா கேக்கற வரைக்கும் பேசமாட்டேன்" என்றார் மிண்டல்.